மாடு கன்னு சுகமா?

அக்கா மகள் கரகண்டாவில் மருத்துவம் படிக்கிறாள். "இங்க வந்து என்ன பாக்கப் போறீங்க மாமா, வெறும் புல்லு" என்று இரண்டு வருஷமாகத் தள்ளிப் போட்டவள், போன செப்டம்பரில்தான் "சரி, வாங்க" என்றாள். கஜகஸ்தானுக்கு இந்தியப் பாஸ்போர்ட் இருந்தால் 14 நாள் வரை விசா வேண்டாம். டெல்லியில் ஏறினால் நாலு மணி நேரத்துக்குள் அல்மாட்டி. கோவில்பட்டியிலிருந்து டெல்லி போய்ச் சேர்ந்த கதையை இன்னொரு நாள் எழுதுகிறேன்.

அவள் அல்மாட்டி வரைக்கும் வந்து கூட்டிப் போனாள். அங்கிருந்து கரகண்டா ஆயிரம் கிலோமீட்டர் வடக்கே. விமானம் இருக்கிறது, விரைவு ரயிலும் இருக்கிறது. நான் பிடிவாதமாகச் சாதா ரயிலில்தான் போக வேண்டும் என்றேன். பள்ளிக்கூடத்தில் உலகப் படத்தில் ஹங்கேரிப் பக்கம் தொடங்கி மஞ்சூரியா வரைக்கும் ஒரு பட்டையாகப் பச்சைப் பென்சில் தீட்டி, "ஸ்டெப்பி புல்வெளி" என்று எழுதியவன் நான். எட்டாயிரம் கிலோமீட்டருக்குக் கிட்டத்தட்ட வரும் பட்டை. அதில் ஒரு துண்டையாவது தரையில் நின்று பார்க்க வேண்டாமா?

நாலு பேர் படுக்கும் பெட்டி. எதிரே ஒரு பாட்டி, வெள்ளைத் தலைத்துணி, மடியில் ஒரு துணிப்பை. வயதான பெண்களை இங்கே "அபா" என்று கூப்பிட வேண்டும் என்று மருமகள் முன்கூட்டியே சொல்லிக் கொடுத்திருந்தாள். நான் கும்பிட்டு "அபா" என்றேன். பாட்டிக்கு ஒரே சந்தோஷம். அவர் திருப்பி ஏதோ கேட்க, மருமகள் சிரித்துவிட்டாள்.

"மாமா, பழைய காலத்து மாதிரி விசாரிக்கிறாங்க. 'மால்-ஜான் அமான் பா?'ன்னு. உங்க மாடு கன்னு, உசுரெல்லாம் சுகமான்னு."

வரிசையைக் கவனியுங்கள். முதலில் மாடு, அப்புறம்தான் மனுசர். மாடு ஆடு செத்தால் மனுசர் தானாகச் செத்துப்போகும் ஊரில் உருவான விசாரிப்பு அது. "மால்" என்றால் கஜக மொழியில் கால்நடை; சொத்து என்றும் பொருள். கல்வியைத் தவிர மற்றதெல்லாம் "மாடல்ல" என்று வள்ளுவர் சொன்ன மாடும் செல்வம்தானே. இதை நான் விளக்க, மருமகள் தனக்குத் தெரிந்த ரஷ்ய மொழியில் அதைச் சொல்ல, பாட்டிக்குப் பாதி புரிந்திருக்கும். "அப்ப உங்ககிட்ட எத்தனை?" என்று கேட்டார். ஒன்றுமில்லை, இருந்த இரண்டு எருமையையும் பதினைந்து வருஷத்துக்கு முன்னால் விற்றுவிட்டோம் என்றேன். அவர் முகம் போன போக்கைப் பார்த்து, ஏதோ துட்டிச் செய்தி சொல்லிவிட்டதைப் போல எனக்கே ஆகிவிட்டது.

துக்கம் கேட்க வந்தவருக்குக் கொடுப்பதுபோல உடனே பையைத் திறந்தார். பெட்டிக்கோடியில் இருந்த கொதிகலனில் வெந்நீர் பிடித்துத் தேநீர் போட்டார். பக்கத்தில் வெள்ளை வெள்ளையாக, எலுமிச்சங்காய் அளவில், உருண்டைகளைக் குவித்தார். பெரிய உப்புச்சீடை என்று நினைத்து ஒன்றை எடுத்துக் கடித்தேன்.

"கடிக்காதீங்க மாமா, பல்லு போயிரும்! பாக்கு மாதிரி ஒதுக்கிக்கிடணும்."

அதற்குப் பெயர் குர்த். புளித்த பாலைக் காய்ச்சி, துணியில் கட்டித் தொங்கவிட்டு, நீர் வடிந்ததும் உப்புப் போட்டுப் பிசைந்து, கையால் பிடித்து வெயிலில் உலர்த்துவது. காய்ந்துவிட்டால் கல். வருஷக்கணக்கில் கெடாது. குதிரையில் போகிறவன் சட்டைப்பையில் நாலு போட்டுக்கொண்டால் போதும். வெந்நீரில் கரைத்தால் கஞ்சி. கோடையில் பெருக்கெடுக்கிற பாலைப் பனிக்காலத்துக்குக் கொண்டுபோக அவர்களுக்குக் கிடைத்த வழி. முதல் ஐந்து நிமிடம் உப்பு, அப்புறம் புளிப்பு, கடைசியில் எங்கோ ஒரு பால் வாசனை. வாய்க்குள் உருட்டிக்கொண்டே கையிலிருந்த இன்னொன்றைத் திருப்பிப் பார்த்தேன். பிடித்தவரின் நாலு விரலும் அதில் பள்ளம் பள்ளமாகப் பதிந்திருந்தன. நம் பிடிகொழுக்கட்டையில் இருக்குமே, அப்படியே.

*

விடிந்தபோது வெளியே ஒன்றுமில்லை. மரம் இல்லை, வேலி இல்லை, மேடு கூட இல்லை. செப்டம்பர் கடைசி ஆனதால் புல்லெல்லாம் காய்ந்து, கம்பு அறுத்த காடு மாதிரிப் பழுப்பாகக் கிடந்தது. நானும் கரிசல்காட்டுக்காரன்தான், பொட்டல் புதிதில்லை. ஆனால் எங்கள் பொட்டலில் எங்காவது ஒரு பனை, ஒரு உடைமரம், ஒரு கோபுரம் கண்ணைப் பிடித்து நிறுத்தும். இங்கே கண் போய்க்கொண்டே இருக்கிறது, திரும்பி வர இடமில்லை. அரைமணி நேரத்தில் தலை கிறுகிறுத்தது. "முதல் தடவ எல்லாருக்கும் அப்படித்தான், ஃபோனப் பாருங்க" என்றாள் மருமகள், வைத்தியர் தோரணையில்.

பால்காஷ் ஏரிக்கரையை ஒட்டி ரயில் நின்ற ஒரு நிலையத்தில் பெண்கள் புகைபோட்ட மீனைக் கொத்துக் கொத்தாகக் கட்டி விற்றார்கள். இறங்கினேன். மீன் வாசனையைத் தாண்டி இன்னொரு வாசனை அடித்தது. நடைமேடையின் ஓரத்திலேயே சாம்பல் பச்சையில் முழங்கால் உயரச் செடி. கிள்ளிக் கசக்கினேன். மரிக்கொழுந்து! கொஞ்சம் கசப்புக் கூடுதல், அவ்வளவுதான். அதை ஜுசான் என்கிறார்கள். பிறகு பார்த்தால் உண்மையிலேயே நம் மரிக்கொழுந்துக்கு அது பங்காளி, ஒரே பேரினம். எங்கள் ஊரில் கதம்பத்தில் நாலு இணுக்கு வைத்துக் கட்டுவதை அங்கே ஆடு மேய்கிறது.

இந்தச் செடியைப் பற்றி ஒரு பழைய கதை உண்டு. கஜகர்களின் முன்னோரில் ஒரு பகுதியினரான கிப்சாக்குகளைப் பற்றியது. பழைய ருஷ்ய வரலாற்றுக் குறிப்புகளில் 1201ஆம் ஆண்டின் கீழ் எழுதியிருக்கிறார்கள். ருஷ்ய மன்னன் விரட்டியதில் ஓத்ரோக் என்ற தலைவன் ஜார்ஜியாவுக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டான். மன்னன் செத்ததும் ஓத்ரோக்கின் சகோதரன் சிர்ச்சான் ஒரு பாணனை அனுப்பினான். "திரும்பி வரச் சொல். நம் பாட்டைப் பாடு. மசியாவிட்டால் இந்தப் புல்லை முகரக் கொடு." ஓத்ரோக் சொல்லுக்கும் அசையவில்லை, பாட்டுக்கும் அசையவில்லை. புல்லை முகர்ந்ததும் அழுதான். அன்னிய மண்ணில் பேரோடு இருப்பதைவிடச் சொந்த மண்ணில் எலும்பைப் போடுவது மேல் என்று கிளம்பி வந்துவிட்டான்.

இவர்களுக்குத்தான் நாம் "நாடோடி" என்று பெயர் வைத்திருக்கிறோம்.

இந்தச் சொல்லோடு எனக்குக் கொஞ்ச நாளாகவே தகராறு. எங்கள் பக்கம் அறுவடை முடிந்ததும் கீதாரிகள் செம்மறி ஓட்டிவந்து கிடை போடுவார்கள். ஒவ்வொரு வருஷமும் அதே மாசம், அதே வழி, அதே நிலத்துக்காரர்கள். எந்த ஓடையில் எப்போது தண்ணீர் நிற்கும் என்று எங்கள் தாத்தாவைவிட அவர்களுக்குத் தெரியும். ஆனாலும் ஊருக்குள் பேச்சு, "ஊர்சுத்திப் பயலுக." கஜக மேய்ச்சல்காரர்களைப் பற்றிப் படிக்கப் படிக்க அந்தக் கோபம்தான் திரும்பத் திரும்ப வந்தது.

கஜகனுக்கு ஊர் இல்லாமல் இல்லை. நாலு ஊர் இருந்தது. குளிருக்கு கிஸ்தாவ், வசந்தத்துக்கு கொக்தேவ், கோடைக்கு ஜைலாவ், இலையுதிர்காலத்துக்கு குசேவ். எந்தக் குலத்துக்கு எந்தக் கிணறு, எந்த வழி என்பதெல்லாம் முறை வைத்தது. மீறினால் வழக்கு, வெட்டுக்குத்து. சில குலங்கள் தெற்கே சிர்தாரியா ஆற்றுப்பக்கம் குளிரைக் கழித்துவிட்டு, கோடைக்கு ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் வடக்கே போய் வந்தன. காரணம் எளிது. தெற்கே பாலையில் மழை வருஷத்துக்கு 150 மில்லிமீட்டர்கூட இல்லை, ஆனால் பனி குறைவு, நாணல் கிடைக்கும். வடக்கே 300 வரைக்கும் பெய்யும், கோடையில் புல் செழிக்கும். குளிரிலோ மைனஸ் முப்பது. இரண்டில் எந்த இடத்தில் வருஷம் முழுக்க இருந்தாலும் மந்தை சாகும். நிலம் நகராது என்பதால் மனுசன் நகர்ந்தான்.

வீடும் கூடவே நகர்ந்தது. கீயிஸ் ஊய், அதாவது கம்பளி வீடு. மடக்கிப் பிரிக்கும் கம்புச் சட்டத்துக்குப் பெயர் கெரெகே, அதிலிருந்து மேலே வளைந்து போகிற கழிகள் ஊவிக், அவை எல்லாம் போய்ச் செருகும் உச்சி வளையம் ஷன்ராக். சுற்றிலும் ஆட்டு மயிரை நனைத்து உருட்டி அடித்த கம்பளி. பழகிய கைகள் ஒரு மணி நேரத்தில் நிறுத்திவிடும். சுவரும் கம்பளியும் நைந்தால் மாற்றலாம், ஷன்ராக்கை மட்டும் மாற்றுவதில்லை; அது கடைசி மகனுக்குப் போகும். தலைமுறை தலைமுறையாக அடுப்புப் புகை ஏறிக் கறுத்திருப்பதால் மூலவீட்டுக்கே "கறுத்த ஷன்ராக்" என்று பெயர். நாட்டின் அரசுச் சின்னத்தின் நடுவில் இருப்பதும் இதுதான். நான் முதலில் சக்கரம் என்று நினைத்தேன்.

நாலு ஊரில் கிஸ்தாவ்தான் வேர். செத்தவர்களை அங்கேதான் புதைத்தார்கள். இதைப் படித்தபோது பழைய கிரேக்க வரலாற்றாளர் ஹெரோடோட்டஸ் எழுதியிருக்கும் ஒரு பதில் ஞாபகம் வந்தது. கி.மு. 513 வாக்கில் பாரசீக மன்னன் டேரியஸ், கருங்கடலுக்கு வடக்கே ஸ்டெப்பியில் இருந்த சித்தியர்கள்மேல் பெரும்படையோடு போனான். அவர்கள் நின்று சண்டையே போடவில்லை. கிணற்றை மூடிவிட்டு, புல்லைக் கொளுத்திவிட்டு, பின்வாங்கிக்கொண்டே போனார்கள். வெறுத்துப்போன டேரியஸ், ஏன் இப்படி ஓடுகிறாய், நின்று மோது அல்லது பணிந்துவிடு என்று ஆள் அனுப்பினான். சித்திய அரசன் இதாந்திர்சஸ் சொன்னதன் சாரம் இது: நான் ஓடவில்லை, சும்மா இருக்கும் காலத்திலும் இப்படித்தான் இருப்பேன். காப்பாற்ற எங்களுக்குப் பட்டணமும் இல்லை, விளைநிலமும் இல்லை. ஆனால் எங்கள் தகப்பன்மார் கல்லறைகள் இருக்கின்றன. அவற்றைக் கண்டுபிடித்துத் தொட்டுப் பார், நாங்கள் சண்டை போடுவோமா மாட்டோமா என்று அப்போது தெரியும்.

டேரியஸ் கண்டுபிடிக்கவில்லை. பட்டினியோடு திரும்பினான்.

*

மொயின்ட்டி என்ற சந்திப்பில் பாட்டி இறங்கினார். இறங்கும்முன் மிச்சமிருந்த குர்த்தை அப்படியே ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு என் கையில் திணித்தார். மாடில்லாத மனுசன் என்ற இரக்கம்.

இந்த வாழ்க்கையை அழகாக்கிக் காட்டவும் எனக்கு ஆசையில்லை. இவர்களுக்கு எமன் ஜுத். குளிர்காலத்தின் நடுவில் ஒரு நாள் வெயில் அடித்துப் பனி உருகி, ராத்திரி மறுபடி உறைந்தால் புல்லின் மேல் கண்ணாடி மாதிரி ஒரு படலம் ஏறிவிடும். சாதாரணப் பனி என்றால் குதிரை குளம்பால் தோண்டித் தின்னும். அது விட்டுப்போன குழியில் ஆடு மேயும். அதனால்தான் குதிரை, ஒட்டகம், மாடு, ஆடு என்று நாலு இனத்தையும் சேர்த்தே வளர்த்தார்கள். பனிக்கட்டிப் படலத்தில் குதிரையின் குளம்பும் கிழியும், அப்புறம் யாருக்கும் ஒன்றுமில்லை. ஒரே குளிரில் பணக்காரன் பிச்சைக்காரன் ஆவான். "ஜுத்துக்கு ஏழு உடன்பிறப்பு" என்று அவர்களிடம் ஒரு பழமொழி, வந்தால் தனியாக வராது. ஆனாலும் ஜுத் வந்து போனபின் மிச்சமிருந்த ஆட்டை வைத்து, சொந்தக்காரன் கொடுத்த ஆட்டைச் சேர்த்து, மறுபடி எழுந்துகொண்டார்கள். எழ முடியாதபடி ஒரு தடவை விழுந்தார்கள். அதற்குக் காரணம் பனி இல்லை.

1928இல் சோவியத் அரசு பெரிய மந்தைக்காரர்கள் என்று சுமார் 700 குடும்பங்களைக் குறித்து, மந்தையைப் பிடுங்கி, ஆட்களை வெளியேற்றியது. அடுத்த இரண்டு வருஷத்தில் கூட்டுப்பண்ணையும் "நிலைகுடியேற்றமும்" ஒன்றாக வந்தன. அலைகிறவன் பிற்பட்டவன், ஓரிடத்தில் உட்கார்ந்தால்தான் முன்னேற்றம் என்பது கொள்கை. மந்தையை எல்லாம் ஓட்டிவந்து ஓரிடத்தில் அடைத்தார்கள். அடைத்த இடத்தில் தீவனம் இல்லை. எப்படி இருக்கும்? தீவனத்தைத் தேடித்தானே இத்தனை ஆயிரம் வருஷமாக நடந்தார்கள்! போதாததற்குத் தானிய வரி. தானியமே விதைக்காதவன் ஆட்டை விற்றுத் தானியம் வாங்கி அரசுக்கு அளக்க வேண்டும். இறைச்சி வரி தனி. சில வருஷத்தில் கஜகஸ்தானின் கால்நடையில் பத்தில் ஒன்பது பங்கு போய்விட்டது.

மாடு போனது, மனுசர் போனார்கள், அந்த விசாரிப்பின் வரிசையிலேயே. 1930 முதல் 1933 வரை பஞ்சத்தில் செத்தவர்கள் ஏறத்தாழ 15 லட்சம் பேர் என்கிறார்கள் ஆய்வாளர்கள். அதில் கஜகர்கள் மட்டும் 13 லட்சம். அந்த இனத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல். பத்து லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் சீனாவுக்கும் பக்கத்துக் குடியரசுகளுக்கும் ஓடினார்கள். சொந்தக் குடியரசிலேயே கஜகர்கள் சிறுபான்மை ஆனார்கள். குடியரசின் கட்சித் தலைவராக இருந்து இதை நடத்திய கொலோஷ்சோகின் 1933இல் பதவி இழந்தார். 1941இல் அவரையும் சுட்டுக் கொன்றார்கள். 1980களின் கடைசி வரை இந்தப் பஞ்சத்தைப் பற்றி வெளியில் பேச முடியாது. இப்போது மே 31 நினைவு நாள்.

மருமகளிடம் இதைச் சொன்னபோது, "ஹாஸ்டல் வார்டன் அம்மா ரொட்டிய மிச்சம் வச்சா திட்டுவாங்க மாமா, நான் சும்மா கஞ்சத்தனம்னு நினைச்சேன்" என்றாள்.

கரகண்டா நிலக்கரி ஊர். அந்தச் சுரங்கத் தொழிலாளருக்குச் சோறு விளைவிக்க, அதே பஞ்ச காலத்தில், பக்கத்தில் கர்லாக் என்ற சிறைமுகாமை அமைத்தார்கள். மேய்ச்சல் நிலத்தில் இருந்த கஜகர்களைத் துரத்திவிட்டு. 1954இல் சோவியத் தலைவர் குருஷேவ் "தரிசு நிலத் திட்டம்" கொண்டுவந்து வடக்கு ஸ்டெப்பியை டிராக்டர் விட்டு உழுதார். கஜகஸ்தானில் மட்டும் ஆறு வருஷத்தில் சுமார் இரண்டரைக் கோடி ஹெக்டேர். முதலில் கோதுமை குவிந்தது, பிறகு மண் காற்றில் பறந்தது. ஆண்டாண்டாகப் புல் வேர் கட்டிப் பிடித்திருந்த மண்ணைத் "தரிசு" என்று கூப்பிட்ட அந்தச் சொல்லும் நம்முடைய "நாடோடி"யும் ஒரே வீட்டுப் பிள்ளைகள்.

*

ஊர் திரும்பும்முன் தலைநகர் அஸ்தானா போனோம். கண்ணாடிக் கட்டடங்களை மருமகள் காட்ட, நான் படம் எடுத்தேன். எனக்குப் போக வேண்டியிருந்த இடம் அங்கிருந்து நாற்பது கிலோமீட்டர் தள்ளி, அக்மோல் கிராமத்தில். 1938இல் திறந்த பெண்கள் முகாம். "தாய்நாட்டுத் துரோகிகளின் மனைவியர்க்கான அக்மோலின்ஸ்க் முகாம்" என்ற நீளப் பெயரின் முதலெழுத்துகளைச் சேர்த்து அல்ஜீர் என்றார்கள். ரஷ்ய மொழியில் அல்ஜீரியாவுக்கும் அதே சொல். செய்த குற்றம் கல்யாணம் பண்ணியது. பேராசிரியர் மனைவி, அமைச்சர் மனைவி, பாடகி, எல்லாரும் மாஸ்கோவிலிருந்தும் கீவிலிருந்தும் சரக்கு ரயிலில் வந்து இறங்கினார்கள். இப்போது அருங்காட்சியகம். வெளியே கறுப்புச் சுவரில் ஆயிரக்கணக்கான பெயர்கள்.

அங்கே ஒரு கதை சொல்வார்கள், உயிரோடு மீண்ட ஒரு பெண் பின்னாளில் சொன்னது. குளிரில் அடுப்பெரிக்க நாணல் வெட்ட, ஜலனாஷ் ஏரிக்குக் கைதிகளைக் காவலோடு கொண்டுபோவார்கள். ஒரு நாள் நாணலுக்குப் பின்னாலிருந்து பக்கத்துக் கஜகக் கிராமத்துக் கிழவர்களும் பிள்ளைகளும் எழுந்து இவர்கள்மேல் கல்லெறிந்தார்கள். காவலர்களுக்கு ஒரே சிரிப்பு. "பாருங்கள், மாஸ்கோவில் மட்டுமில்லை, இங்கேயும் உங்களை யாருக்கும் பிடிக்கவில்லை." பெண்கள் கூனிக் குறுகிப் போனார்கள். மறுநாளும் எறிந்தார்கள். ஒருத்தி தடுக்கி விழுந்தபோது முகம் ஒரு கல்லின் பக்கத்தில் போனது. பால் வாசனை அடித்தது. எடுத்து வாயில் போட்டாள். உப்பு. பொறுக்கிக் கொண்டுபோய் முகாமில் காட்டினார்கள். அங்கே இருந்த கஜகக் கைதிப் பெண்கள்தான் சொன்னார்கள், இது குர்த் என்று.

எறிந்தவர்கள் பஞ்சத்திலிருந்து எழுந்து ஐந்தாறு வருஷம்தான் ஆகியிருக்கும். மந்தை போய், நடை போய், ஒரே இடத்தில் உட்கார வைக்கப்பட்டவர்கள். அவர்கள் வீட்டில் அந்தக் குளிருக்கு எத்தனை குர்த் இருந்திருக்கும் என்று யோசித்தேன். என்னால் கணக்குப் போட முடியவில்லை. வழிகாட்டிப் பெண் அடுத்த அறைக்குப் போய்விட்டாள். மருமகள் என் கைப்பையைத் திறந்து பாட்டி கொடுத்த பையிலிருந்து ஒன்றை எடுத்து, வாயில் போடாமல், கையிலேயே வைத்துக்கொண்டு நடந்தாள்.

கோவில்பட்டிக்கு வந்தபோது ஒன்பது உருண்டை மிச்சம். அம்மாவுக்கு எண்பத்திரண்டு வயது, பல் இல்லை. வெந்நீரில் ஊறவைத்துக் கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டு, "மோர் மிளகா ஊறப்போட்ட தண்ணி மாதிரி இருக்கு" என்று தள்ளி வைத்தாள். அப்புறம் ஊறவைக்காத ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அதிலிருந்த பள்ளத்தில் தன் விரல்களை ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்தாள். உள்ளே போகவில்லை.

"இது பெரியாளு புடிச்சது இல்லடா," என்றாள். "ஏதோ சின்னப்பிள்ள கை."